தலையில் அடிபட்ட கோல்கீப்பரை முதலில் வெளியே கூட்டி வாருங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன வாரம் உங்கள் விளையாட்டுப் பக்கத்தில் ஒரு செவன்ஸ் (அணிக்கு ஏழு பேர் ஆடும் கால்பந்து) போட்டி பற்றிய செய்தி வந்திருந்தது. கார்னரில் வந்த பந்தைப் பிடிக்கப் பாய்ந்த கோல்கீப்பர், எதிரணிப் பையனின் முட்டியில் தலை மோதி விழுந்து கொஞ்ச நேரம் அசையாமல் கிடந்தார், பிறகு தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு எழுந்து மிச்ச ஆட்டம் முழுக்க நின்றார், டைபிரேக்கரில் இரண்டு பந்தைத் தடுத்துக் கோப்பையும் வாங்கிக் கொடுத்தார் என்று எழுதி, தலைப்பிலேயே அவரை மாவீரன் ஆக்கியிருந்தீர்கள். அந்தப் பையனின் தைரியத்தைக் குறைத்துப் பேச நான் வரவில்லை. ஆனால் மைதானத்தில் ஒரு டாக்டராவது இருந்தாரா, ஆட்டம் முடிந்த பிறகாவது ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனார்களா, ஸ்கேன் எடுத்தார்களா என்று அந்தச் செய்தியில் ஒரு வரிகூட இல்லை. உங்கள் நிருபர் அதைக் கேட்டிருக்க வேண்டும். இன்றைக்கும் கேட்கலாம், தாமதமாகிவிடவில்லை.

இதை ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்றால், எங்கள் பகுதியில் மாலையில் பயிற்சிக்கு வரும் சின்னப் பையன்களில் கோல்போஸ்ட்டுக்குள் நிற்பவன் எவனோ அவன்தான் அந்தச் செய்தியை வெட்டி வைத்துக்கொள்வான். தலையில் அடிபட்டால் எழுந்து நிற்க வேண்டும், அதுதான் கீப்பர் என்று அவன் கற்றுக்கொள்வான். அவனிடம் நான் சொல்ல விரும்புவது இன்னொரு கீப்பரின் கதை. பீட்டர் செக். செல்சி, ஆர்சனல் என்ற இங்கிலாந்து அணிகளைப் பார்த்து வளர்ந்த நம் ஊர் ரசிகர்களுக்கு அவருடைய கறுப்புத் தலைக்கவசம் நன்றாக நினைவிருக்கும். அதை அவர் எதற்காகப் போட்டார் என்பது இப்போதைய பையன்களில் பலருக்குத் தெரிவதில்லை, சிலர் அதை ஒரு ஸ்டைல் என்றே நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

1982 மே 20 அன்று அன்றைய செக்கோஸ்லோவாக்கியாவின் பில்சன் நகரில் பிறந்தவர், ஒரே பிரசவத்தில் பிறந்த மூன்று பேரில் ஒருவர். சின்ன வயதில் முன்வரிசையில் ஆடியவர், பத்து வயது வாக்கில் கால் எலும்பு முறிந்த பிறகு கோல்போஸ்ட்டுக்கு நகர்ந்தார். 19 வயதில் ஸ்பார்டா பிராக் அணிக்காக நின்றபோது தொடர்ந்து பல ஆட்டங்களில் ஒரு கோலும் விடாமல் செக் குடியரசு லீக்கின் பழைய சாதனையை உடைத்தார், அங்கிருந்து 2002இல் பிரான்ஸின் ரென், 2004இல் லண்டன். செல்சியில் அப்போது கார்லோ குடிசினி என்ற நல்ல இத்தாலிய கீப்பர் இருந்தார். ரசிகர்களுக்குப் பிடித்தவர், ஃபார்மில் இருந்தவர். ஆனால் இந்த வேலையில் இருக்கிற கஷ்டமே அதுதான். ஸ்டிரைக்கர் இரண்டு பேர் இருந்தால் இரண்டு பேரையும் ஆட வைக்கலாம், மிட்ஃபீல்டில் ஒருவரைப் பக்கவாட்டுக்கு நகர்த்தலாம், கீப்பருக்கு இருப்பது ஒரே ஒரு இடம். செக் அந்த இடத்துக்கு வந்ததும் குடிசினி பெஞ்சில் உட்கார்ந்தார், அதற்குப் பிறகு பெரும்பாலும் அங்கேயே இருந்தார்.

2004-05 சீசனில் செல்சி 38 லீக் ஆட்டங்களில் மொத்தமே 15 கோல்தான் வாங்கியது. இங்கிலாந்தின் முதல்தர லீக்கான பிரீமியர் லீக்கில் இன்றுவரை எந்த அணியும் அதைவிடக் குறைவாக வாங்கியதில்லை. அந்த வருடம் செக் 1,025 நிமிடங்கள் தொடர்ந்து ஒரு கோலும் விடாமல் நின்றார். அந்த எண்ணை சில வருடங்கள் கழித்து மான்செஸ்டர் யுனைடெட்டின் வான் டெர் சார் தாண்டினார், அது வேறு விஷயம். நான் சொல்ல வருவது, 24 வயதுக்குள் இரண்டு லீக் பட்டம் வாங்கி, உலகத்தின் முதல் இரண்டு மூன்று கீப்பர்களில் ஒருவர் என்று எல்லோரும் ஒத்துக்கொண்ட நேரத்தில்தான் அந்த ஆட்டம் வந்தது.

2006 அக்டோபர் 14, ரெடிங் அணியின் மைதானம். ஆட்டம் தொடங்கி ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. பாக்ஸுக்குள் வந்த பந்தை எடுக்க செக் தரையோடு பாய்கிறார், ஓடி வந்த ஸ்டீபன் ஹன்ட்டின் முட்டி அவர் தலையில் இடிக்கிறது. வேண்டுமென்றே செய்தாரா, தற்செயலா என்று வருடக்கணக்கில் சண்டை நடந்தது, அதற்குள் நான் போகவில்லை. செக்கை வெளியே கொண்டு போய்விட்டுக் குடிசினியை இறக்கினார்கள். ரெடிங்கில் ஒரு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போய், அங்கிருந்து ஆக்ஸ்ஃபோர்டில் மூளை அறுவை சிகிச்சை செய்யும் இடத்துக்கு மாற்றினார்கள். மண்டை ஓட்டின் எலும்பு உடைந்து உள்பக்கமாக அழுந்தியிருந்தது. அதே இரவில் ஆபரேஷன் நடந்தது, உலோகத் தகடுகள் வைத்தார்கள். அந்த ஆட்டத்தைப் பற்றி எதுவுமே நினைவில் இல்லை என்று பின்னால் அவரே சொன்னார்.

அத்தோடு முடியவில்லை. அதே ஆட்டத்தின் கடைசி நிமிடங்களில் மாற்றாக வந்த குடிசினியும் ரெடிங்கின் இப்ராஹிமா சோன்கோவோடு மோதி நினைவிழந்து விழுந்தார், ஸ்ட்ரெச்சரில்தான் கொண்டு போனார்கள். கீப்பர் சட்டையைப் போட்டுக்கொண்டு கேப்டன் ஜான் டெர்ரி கோல்போஸ்ட்டில் நின்றார். 1-0 என்று செல்சி ஜெயித்தது. ஒரே நாளில், ஒரே அணியில், இரண்டு கோல்கீப்பர்கள் தலையில் அடிபட்டு ஆஸ்பத்திரிக்குப் போனார்கள், அதுவும் உலகத்திலேயே அதிகப் பணம் புழங்குகிற ஒரு லீக்கில்.

செக்கை ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போக ஆம்புலன்ஸ் தாமதமாக வந்தது என்று பயிற்சியாளர் மொரினியோ வெளிப்படையாகக் கோபப்பட்டார். ஆம்புலன்ஸ் தரப்பு அதை மறுத்தது. யார் சொன்னது சரி என்பதைவிட, அந்தச் சண்டையால் விளைந்தது முக்கியம்: அதன் பிறகு பிரீமியர் லீக் மைதானங்களில் ஆட்டக்காரர்களுக்கென்றே தனி ஆம்புலன்ஸ் நிற்க வேண்டும் என்ற ஏற்பாடு வந்தது. அதுவரை மைதானத்தில் இருந்த மருத்துவ ஏற்பாடெல்லாம் பெரும்பாலும் பார்வையாளர் கூட்டத்தை நினைத்துச் செய்தவை.

செக் திரும்பி வந்தது 2007 ஜனவரி 20, ஆன்ஃபீல்டில் லிவர்பூலுக்கு எதிராக, ரக்பி ஆட்டக்காரர்கள் போடுகிற மாதிரியான மெத்தை வைத்த கவசத்தோடு. 2-0 என்று தோற்றார்கள். மூன்று மாதம் எந்த ஆட்டமும் ஆடாமல் இருந்தார், அந்தச் சீசனில் செல்சி லீக் பட்டத்தையும் விட்டது, யாரும் அவரைக் கோழை என்று சொல்லவில்லை. மே மாதம் புதிய வெம்ப்லியில் நடந்த எஃப்.ஏ. கோப்பை இறுதியில் மான்செஸ்டர் யுனைடெட்டை ஒரு கோலும் அடிக்க விடாமல் நின்றார். அந்தக் கவசத்தைக் கடைசி ஆட்டம் வரைக்கும் அவர் கழற்றவே இல்லை.

அதற்குப் பிறகான பன்னிரண்டு வருடங்களை எண்ணிப் பாருங்கள், அந்த வருடங்களெல்லாம் அன்றைக்கு அவரை உடனே வெளியே எடுத்ததால் கிடைத்தவை. நல்லதும் கெட்டதும் இருந்தது, ஒளித்துச் சொல்ல வேண்டாம். 2008 யூரோவில் (ஐரோப்பிய நாடுகளின் கோப்பை) ஜெனீவாவில் துருக்கிக்கு எதிரான ஆட்டம்: செக் குடியரசு 2-0 என்று முன்னால் இருந்து, 2-1 ஆகி, 87வது நிமிடத்தில் பக்கவாட்டிலிருந்து வந்த ஒரு சாதாரண க்ராஸ் செக்கின் கையிலிருந்து நழுவியது, நிஹாத் தட்டி உள்ளே போட்டார், இரண்டு நிமிடத்தில் அவரே இன்னொன்றும் அடித்தார், அணி வெளியேறியது. ஸ்டிரைக்கர் பத்து வாய்ப்பை விட்டுவிட்டுப் பதினொன்றாவதை அடித்தால் அவர் நாயகன், கீப்பர் தொண்ணூறு நிமிடமும் தடுத்துவிட்டு ஒன்றை விட்டால் மறுநாள் பேப்பரில் அந்த ஒன்றுதான் படமாக வரும். உங்கள் பேப்பர் உட்பட.

சரி, நல்லதையும் சொல்கிறேன், அதைச் சொல்லாமல் இந்த மனிதரைப் பற்றி எழுதவே முடியாது. 2012 மே 19, மியூனிக். ஐரோப்பியக் கிளப்புகளுக்கான சாம்பியன்ஸ் லீக் இறுதி, எதிரணியான ஜெர்மனியின் பாயர்ன் அணியின் சொந்த மைதானத்திலேயே. 83வது நிமிடத்தில் முல்லர் அடித்தார், 88இல் ட்ரோக்பா சமன் செய்தார். கூடுதல் நேரத்தில் பாயர்னுக்கு ஒரு பெனால்டி, அடிக்க வந்தவர் சில வருடங்களுக்கு முன் செல்சியிலேயே செக்கோடு ஆடிய ஆர்யன் ராபன். தடுத்தார். அப்புறம் ஷூட் அவுட். லாம், கோமஸ், பாயர்ன் கீப்பர் நோயர் மூவரும் அடித்தார்கள், ஆனால் மூன்று தடவையும் செக் பந்து போன பக்கம்தான் பாய்ந்தார். நான்காவதாக வந்த ஓலிச்சை நிறுத்தினார். ஐந்தாவதாக வந்த ஷ்வைன்ஸ்டைகரின் பந்தில் விரல் பட்டுப் போஸ்ட்டில் மோதியது. ராபனையும் சேர்த்து அன்று ஆறு பெனால்டி, ஆறுக்கும் சரியான பக்கம். அதிர்ஷ்டம் என்று பலர் சொன்னார்கள். 2007 முதல் பாயர்ன் அடித்த பெனால்டிகளையெல்லாம் ஒரு டிவிடியில் தொகுத்து, மணிக்கணக்கில் உட்கார்ந்து பார்த்துவிட்டு வந்திருந்தார் அவர். மறுநாள் அவருக்கு 30வது பிறந்தநாள்.

இதை எழுதும்போது எனக்கு உடம்பு சிலிர்க்கிறது, மறைக்க என்ன இருக்கிறது. ரெடிங்கில் அவரை யாராவது தண்ணீர் தெளித்து, துண்டைக் கட்டி, "பரவாயில்லை, நில்லு" என்று சொல்லியிருந்தால் மியூனிக் இல்லை. ஒருவேளை அந்த மனிதரே இருந்திருக்க மாட்டார்.

மிச்சத்தைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 2014இல் அவர் இடத்துக்கு திபோ கோர்ட்வா வந்தார், குடிசினிக்கு நடந்தது பத்து வருடம் கழித்து செக்குக்கு நடந்தது. 2015இல் ஆர்சனலுக்குப் போனார், முதல் லீக் ஆட்டத்திலேயே வெஸ்ட் ஹாமிடம் தடுமாறினார், அந்தச் சீசன் முடிவில் அதிக கிளீன் ஷீட்டுக்கான (ஒரு கோலும் விடாத ஆட்டம்) தங்கக் கையுறையை வாங்கினார். 2018 மார்ச்சில் வாட்ஃபோர்டுக்கு எதிராக பிரீமியர் லீக்கில் 200வது கிளீன் ஷீட், அந்த ஆட்டத்தில் ஒரு பெனால்டியையும் தடுத்தார். மொத்தம் 202, இன்னும் யாரும் தொடவில்லை. நாட்டுக்காக 124 ஆட்டம். 2019 மே மாதம் பாகுவில் நடந்த யூரோப்பா லீக் இறுதிதான் கடைசி, எதிரணி செல்சி, 4-1 என்று தோல்வி. ஓய்வு பெற்ற சில மாதங்களில் 37 வயதில் இங்கிலாந்தில் கில்ட்ஃபோர்டு ஃபீனிக்ஸ் என்ற சின்ன ஐஸ் ஹாக்கி அணிக்குக் கோல்கீப்பராகப் போனார், முதல் ஆட்டத்திலேயே ஷூட் அவுட்டில் இரண்டைத் தடுத்தார்.

இதற்கு நேர் எதிராக இன்னொரு கீப்பர், லோரிஸ் கரியஸ். 2018 மே 26, கீவ், சாம்பியன்ஸ் லீக் இறுதி, லிவர்பூல் - ரியல் மாட்ரிட். இரண்டாம் பாதி தொடங்கிய கொஞ்ச நேரத்தில் செர்ஜியோ ராமோஸின் முழங்கை அவர் முகத்தில் பட்டது. எழுந்தார், ஆட்டம் தொடர்ந்தது. சில நிமிடத்திலேயே அவர் கையால் உருட்டிவிட்ட பந்து பென்சிமாவின் காலில் பட்டு உள்ளே போனது. பிறகு பேல் தூரத்திலிருந்து அடித்த பந்து கையில் பட்டு நழுவியது. 3-1. உலகமே சிரித்தது, கொலை மிரட்டல்கூட வந்தது. சில நாள் கழித்து பாஸ்டனில் பரிசோதித்த டாக்டர்கள் அவருக்கு மூளை அதிர்ச்சி ஏற்பட்டிருந்தது, அது அவர் ஆட்டத்தைப் பாதித்திருக்கலாம் என்று சொன்னார்கள். தோல்விக்கே அதுதான் காரணம் என்று நிச்சயமாக யாராலும் சொல்ல முடியாது, சந்தேகப்பட்டவர்களும் உண்டு. ஆனால் அதன் பிறகு அவர் லிவர்பூலுக்காக ஒரு போட்டி ஆட்டம்கூட ஆடவில்லை. அப்போது 24 வயது. செக் ரெடிங்கில் விழுந்த அதே வயது.

மூளை அதிர்ச்சி என்றால் மயங்கி விழ வேண்டும் என்று நம் ஆட்களில் பலர் நினைக்கிறார்கள். பெரும்பாலும் மயக்கமே வராது. எழுந்து நிற்பான், சிரிப்பான், "ஓகே ஓகே" என்பான், ஆனால் ஸ்கோர் என்ன என்று கேட்டால் தெரியாது, கேட்டதையே திரும்பக் கேட்பான், வெளிச்சம் கூசும், வாந்தி வரும், சில நேரம் மறுநாள்தான் தெரியும். முதல் அடி ஆறுவதற்குள் இரண்டாவது அடி பட்டால் உயிருக்கே ஆபத்து, அதுவும் வளரும் பையன்களுக்கு. செக் போட்டது போன்ற கவசத்தை வாங்கி மாட்டிவிட்டால் போதும் என்றும் நினைக்க வேண்டாம். அது எலும்பில் நேராக விழும் அடியைக் கொஞ்சம் தாங்கும், உள்ளே மூளை குலுங்குவதை அதனால் நிறுத்திவிட முடியாது.

இந்த மாவீரன் பட்டம் நம் கண்டுபிடிப்பு என்றும் சொல்லமாட்டேன். 1956 எஃப்.ஏ. கோப்பை இறுதியில் மான்செஸ்டர் சிட்டியின் பெர்ட் டிராட்மன் கழுத்து எலும்பு முறிந்த நிலையில் கடைசி 17 நிமிடம் நின்றதை இங்கிலாந்தில் இன்னும் கொண்டாடுகிறார்கள். ஆனால் அவருக்குக் கழுத்து உடைந்தது எக்ஸ்ரேயில் தெரியவந்தது சில நாள் கழித்துத்தான், அன்றைக்கு மாற்று ஆட்டக்காரர் என்ற விதியே கிடையாது. வேறு வழி இல்லாமல் நின்றவர் அவர். பக்கத்து ஸ்காட்லாந்தில், 1931இல், செல்டிக்கின் 22 வயது கீப்பர் ஜான் தாம்சன் ரேஞ்சர்ஸ் ஆட்டக்காரர் காலில் மோதித் தலையில் அடிபட்டு அன்று இரவே செத்துப்போனார். டிராட்மனைத் தெரிந்த பலருக்கு தாம்சனைத் தெரிவதில்லை. இன்றைக்கு நிலைமை மாறிவிட்டது, 2021 முதல் பல லீக்குகள் தலையில் அடிபட்டவருக்குக் கணக்கில் சேராத கூடுதல் மாற்று ஆட்டக்காரரை அனுமதிக்கின்றன, 2024இல் அது ஆட்ட விதிப் புத்தகத்திலேயே வந்துவிட்டது. நம் செவன்ஸ் போட்டிகளின் நோட்டீஸில் பரிசுத் தொகை, நுழைவுக் கட்டணம், தலைமை தாங்குபவர் பெயர் எல்லாம் இருக்கும், இது இருக்காது.

வெளிநாட்டுக் கதை நமக்கெதற்கு என்று யாராவது சொல்வார்கள் என்பதால் பக்கத்து ஊர்க் கதை ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். 2004 டிசம்பர் 5, பெங்களூர் கண்டீரவா மைதானம், ஃபெடரேஷன் கோப்பை இறுதி. டெம்போ அணியின் பிரேசில்காரர் கிறிஸ்டியானோ ஜூனியர் தன் இரண்டாவது கோலை அடித்த அதே வேகத்தில் மோகன் பகான் கீப்பர் சுப்ரதா பாலோடு மோதி விழுந்தார், திரும்ப எழவே இல்லை. அங்கே அடிபட்டது கீப்பருக்கு இல்லை, ஆனால் கீப்பரும் ஸ்டிரைக்கரும் மோதும் அந்த ஒரு நொடி எவ்வளவு ஆபத்தானது என்பதற்கு இதைவிட என்ன வேண்டும்? மைதானத்தில் சரியான மருத்துவ ஏற்பாடு இல்லை என்ற குற்றச்சாட்டு அப்போதே பலமாக எழுந்தது. தேசிய அளவிலான ஒரு இறுதி ஆட்டத்தில் அந்த நிலைமை என்றால், பள்ளி மைதானத்தில் வெள்ளைக் கோடு போட்டு நடத்தும் போட்டியில் என்ன இருக்கும்?

போட்டி நடத்துகிறவர்களிடம் பணம் இல்லை என்பது எனக்குத் தெரியும், நானும் அந்த வேலையில் கூட நிற்கிறவன்தான். தனியார் ஆம்புலன்ஸை நாள் முழுக்க நிறுத்தி வைக்க எல்லோராலும் முடியாது. ஆனால் ஒரு முதலுதவி தெரிந்த ஆளை உட்கார வைக்க முடியும், பக்கத்து அரசு ஆஸ்பத்திரியில் முன்கூட்டியே சொல்லி வைக்க முடியும், 108 வண்டி உள்ளே வருகிற வழியில் பைக்குகளை நிறுத்தாமல் பார்த்துக்கொள்ள முடியும், தலையில் அடிபட்டவன் அன்றைக்குத் திரும்ப இறங்கக் கூடாது என்று நோட்டீஸில் ஒரு வரி போட முடியும். கடைசியாகச் சொன்னதற்கு ஒரு ரூபாய்கூடச் செலவில்லை. அதைச் செய்யவிடாமல் தடுப்பது கூட்டத்தின் கைதட்டல், அந்தக் கைதட்டலில் பத்திரிகைகளுக்கும் பங்கு இருக்கிறது. கையைத் தூக்கி "என்னால் முடியல" என்று சொல்லி வெளியே வரும் பையனையும், அவனை வெளியே எடுத்த பயிற்சியாளரையும் ஒரு தடவை தலைப்பில் போட்டுப் பாருங்கள்.

கோடை விடுமுறைப் போட்டிகள் தொடங்கும் முன்னால் ஒரு நரம்பியல் டாக்டரிடம் பேசி, தலையில் அடிபட்டால் என்ன பார்க்க வேண்டும், எப்போது உடனே ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டும், எத்தனை நாள் ஆடக் கூடாது என்று அரைப் பக்கம் போடுங்கள். பெரிய எழுத்தில் போட்டால் வெட்டி எங்கள் கிளப் சுவரில் ஒட்டிக்கொள்கிறோம், மற்ற கிளப்புகளுக்கும் நகல் எடுத்துக் கொடுக்கிறோம்.

இப்படிக்கு,
ஒரு கால்பந்து ரசிகன்,
வியாசர்பாடி, சென்னை.